ஆயிரம் ரூபாய் குறைந்தால் இரண்டு லட்சம்

(சாலை விபத்து இழப்பீடு குறித்து நூலக வாசகர் வட்டக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



வேனும் லாரியும் மோதி ஏழெட்டுப் பேர் இறந்துவிட்டால் மறுநாள் நாளிதழில் ஒரு தொகை வரும். முதலமைச்சர் பொது நிவாரண நிதியிலிருந்து இவ்வளவு, பிரதமர் நிவாரண நிதியிலிருந்து இவ்வளவு என்று போட்டிருக்கும். அமைச்சரோ ஆட்சியரோ வீடு தேடி வந்து காசோலை கொடுப்பார். அது அரசு இரங்கித் தருவது. நான் பேச வந்தது இன்னொரு தொகையைப் பற்றி. அது நாளிதழில் வராது. மூன்று, நான்கு, சில சமயம் ஏழெட்டு ஆண்டுகள் கழித்து, நீதிமன்ற வளாகத்தில் மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் என்று பலகை மாட்டிய அறையில் அது தீர்மானமாகும். அதில் இரக்கத்துக்கு வேலையில்லை. அது இறந்தவரின் குடும்பத்துக்கு வரவேண்டிய கடன்.

இந்த இரண்டையும் மக்கள் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள். "கலெக்டர் ஆபீஸ்ல செக் வாங்கிட்டோம், இனிமே கேஸ் போட முடியாதாமே?" என்று கேட்டுக்கொண்டு வருகிறவர்களை நான் அடிக்கடி பார்க்கிறேன். போடலாம். எல்.ஐ.சி. பணம் வந்திருந்தாலும் போடலாம். அந்தப் பணத்தை இழப்பீட்டில் கழிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1998-லேயே சொல்லிவிட்டது. இறந்தவர் தன் கைக்காசைப் போட்டுக் கட்டிய பிரீமியத்தின் பலன், அவரை இடித்த வண்டிக்காரருக்குச் சலுகையாக மாறக் கூடாது.

2022-ஆம் ஆண்டில் இந்தியச் சாலைகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். தமிழ்நாட்டில் மட்டும் 17,884 பேர். நம் மாநிலத்தில் நாளொன்றுக்கு நாற்பத்தொன்பது வீடுகள். இவற்றில் பெரும்பாலானவை நாளிதழின் முதல் பக்கத்துக்கு வராத சாவுகள். பால் வாங்கப் போனவர், நூறு நாள் வேலைக்கு நடந்து போனவர், டீக்கடைக்கு எதிர்ப்பக்கம் கடந்தவர். இவர்களுக்கு அமைச்சர் வருவதில்லை. இவர்கள் குடும்பத்துக்கு இருப்பது சட்டம் ஒன்றுதான். ஆகவே அந்தச் சட்டம் ஒரு உயிரை எப்படிக் கணக்கிடுகிறது என்பதை வக்கீலுக்கு மட்டும் தெரிந்த ரகசியமாக விட்டுவைக்கக் கூடாது என்று நினைக்கிறேன்.

வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆங்கிலேயரின் பழைய சட்டத்தில், செத்தவனோடு அவன் வழக்கும் செத்தது. காலை உடைத்தால் நஷ்டஈடு உண்டு, ஆளையே கொன்றுவிட்டால் கிடையாது. ரயில் வந்து விபத்துகள் பெருகிய காலத்தில், 1846-இல், இங்கிலாந்து இதை மாற்றியது. இங்கே அதே போன்ற சட்டம் 1855-இல் வந்தது. 1939-இல் மோட்டார் வாகனச் சட்டம், 1956 திருத்தத்தில் தனித் தீர்ப்பாயங்கள், பிறகு இன்று நடப்பில் இருக்கும் 1988-ஆம் ஆண்டுச் சட்டம். நீதிமன்ற வாசலில் எல்லோரும் எம்.சி.ஓ.பி. கேஸ் என்று சொல்வது இந்தச் சட்டத்தின் 166-ஆம் பிரிவில் போடப்படும் மனுவைத்தான்.

இனி கணக்கு. பேனா இருப்பவர்கள் எழுதிக்கொள்ளலாம்.

முப்பத்து நாலு வயதுக் கொத்தனார் ஒருவர். மொபெட்டில் வேலைக்குப் போகும்போது பின்னால் வந்த லாரி மோதி இறந்துவிட்டார். மனைவி, இரண்டு பிள்ளைகள், வயதான தாயார். அவருடைய மாத வருமானம் 15,000 ரூபாய் என்று தீர்ப்பாயம் ஏற்றுக்கொள்வதாக வைத்துக்கொள்வோம். இருந்திருந்தால் நாளுக்கு நாள் கூலி உயர்ந்திருக்கும் அல்லவா, அதற்காகக் கொஞ்சம் கூட்ட வேண்டும். எவ்வளவு என்பதை உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2017 அக்டோபரில் வரையறுத்தது. நிரந்தர வேலையில் இருந்தவர் நாற்பது வயதுக்குள் என்றால் 50 விழுக்காடு, சொந்தத் தொழில் செய்கிறவருக்கும் கூலிக்காரருக்கும் 40 விழுக்காடு. நம் கொத்தனாருக்கு 40. ஆக 21,000. ஆண்டுக்கு 2,52,000. இதில் அவர் தனக்கென்று செலவழித்திருக்கக்கூடியதைக் கழிக்க வேண்டும். நம்பி இருப்பவர்கள் நான்கு முதல் ஆறு பேர் என்றால் கால் பங்கு. மீதம் 1,89,000. இதை வயதுக்கேற்ற ஓர் எண்ணால் பெருக்க வேண்டும். 2009-இல் சர்ளா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் போட்டுக் கொடுத்த அட்டவணை அது. 15 முதல் 25 வயது வரை 18, அப்புறம் படிப்படியாக இறங்கி, அறுபத்தைந்தைத் தாண்டியவருக்கு 5. முப்பத்து நாலுக்கு 16. பெருக்கினால் 30,24,000 ரூபாய். இதோடு ஈமச் செலவு, சொத்திழப்பு, துணையையும் தகப்பனையும் மகனையும் இழந்ததற்கான தொகை. கடைசியில் சொன்னது 2017-இல் ஒருவருக்கு 40,000 என்று நிர்ணயிக்கப்பட்டது, மூன்றாண்டுக்கு ஒருமுறை பத்து விழுக்காடு உயர்கிறது, 2023-இல் 48,400 ஆனது. மனைவிக்கு மட்டும் இல்லை, பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும் தனித்தனியே உண்டு என்று 2018-இல் தெளிவாக்கப்பட்டது. எல்லாம் சேர்த்தால் முப்பத்திரண்டு லட்சத்தைத் தாண்டும். மனுப் போட்ட நாளிலிருந்து வட்டியும் உண்டு, பெரும்பாலும் ஏழரை விழுக்காடு.

இந்தக் கணக்கில் வயது, குடும்ப எண்ணிக்கை, பெருக்கும் எண் எதிலும் பெரிய சண்டை வராது. வயதுச் சான்றும் வாரிசுச் சான்றிதழும் போதும். சண்டை முழுக்க முதல் வரியில்தான். மாத வருமானம் எவ்வளவு? தீர்ப்பாயம் 15,000-க்குப் பதில் 14,000 என்று எழுதினால் என்ன ஆகும் என்று பாருங்கள். ஆயிரத்தோடு நாற்பது விழுக்காடு கூட்டி, பன்னிரண்டால் பெருக்கி, கால் பங்கு கழித்து, பதினாறால் பெருக்கினால் 2,01,600 ரூபாய். மாதத்துக்கு ஆயிரம் ரூபாய் குறைத்து எழுதினால் அந்தக் குடும்பத்துக்கு இரண்டு லட்சம் போய்விடுகிறது. 9,000 என்று எழுதினால் பன்னிரண்டு லட்சம் போய்விடுகிறது. ஒரே ஆள், ஒரே லாரி, ஒரே சாவு.

இந்த முதல் வரி எப்படி எழுதப்படுகிறது என்பதைக் கிட்டே இருந்து பார்க்க வேண்டும். அந்தக் கொத்தனாரின் மனைவி சாட்சிக் கூண்டில் நிற்கிறார். இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் கேட்கிறார்: "உங்க வீட்டுக்காரர் மாதம் 18,000 சம்பாதித்ததற்கு ஏதாவது ஆவணம் தாக்கல் செய்திருக்கீங்களாம்மா?" "இல்லீங்க. சனிக்கிழமை சனிக்கிழமை கூலி வாங்குவாருங்க. மளிகைக் கடைக்கும் சீட்டுக்கும் போக மிச்சத்தை எங்கையில குடுப்பாரு." "வருமான வரி கட்டியிருக்காரா?" "இல்லீங்க." "பேங்குல சம்பளம் போடுவாங்களா?" "இல்லீங்க." தட்டச்சரின் கை ஓடுகிறது: 'என் கணவரின் வருமானத்துக்கு நான் ஆவணம் எதுவும் தாக்கல் செய்யவில்லை. அவர் மாதம் 18,000 சம்பாதிக்கவில்லை என்று சொன்னால் சரியல்ல.' கீழே கையெழுத்து அல்லது ரேகை. அவ்வளவுதான், ஐந்து நிமிடம்கூட ஆகாது. அந்த ஐந்து நிமிடத்தில் போகும் பணம் எத்தனை லட்சம் என்று அந்த அம்மாவுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் வேறு மாதிரி தயாராகி வந்திருப்பார்.

ஆதாரம் இல்லாத வீடு என்று ஒன்று கிடையாது, ஆதாரம் என்று தெரியாமல் பரணில் கிடக்கிற காகிதங்கள்தான் இருக்கின்றன என்பது என் அனுபவம். கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை, சீட்டு நோட்டு, மகளிர் குழுக் கடனுக்குத் தவறாமல் கட்டிய தவணை, பிள்ளைகளின் பள்ளிக்கட்டண ரசீது, வீட்டு வாடகை, வண்டிக்குக் கட்டிய டியூ. மாதம் பத்தாயிரம் ரூபாய் கட்டிக்கொண்டிருந்த மனிதர் ஒன்பதாயிரம்தான் சம்பாதித்தார் என்று எந்த வக்கீலும் வாதிட முடியாது. இன்னொன்று: இப்போது பல மேஸ்திரிகள் கூலியை ஜிபே-யில் அனுப்புகிறார்கள். போன் விபத்தில் நொறுங்கிப் போயிருக்கலாம், வங்கிக் கணக்கில் அந்த வரவுகள் வரிவரியாக அப்படியே இருக்கின்றன. வங்கியில் ஸ்டேட்மென்ட் கேட்டு வாங்குங்கள். மேஸ்திரியைச் சாட்சிக்குக் கூப்பிடுங்கள். அவர் தயங்குவார், நீதிமன்றம் என்றாலே எல்லோரும் தயங்குவார்கள். ஊரில் நாலு பேர் போய்ப் பேசினால் வருவார்.

ஆனால் இதைக் குடும்பத்தின் சாமர்த்தியத்துக்கே விட்டுவிடுவது நியாயமில்லை. உழைப்புக்குக் காகிதம் கொடுக்காத ஊரில், காகிதம் இல்லை என்ற காரணத்துக்காகக் குறைத்துக் கொடுப்பது இரண்டாவது அநீதி. உச்ச நீதிமன்றத்துக்கு இது புரிந்திருக்கிறது. 2008-இல் விபத்தில் சிக்கிய ஒரு கர்நாடகக் காய்கறி வியாபாரிக்கு, சான்று இல்லாவிட்டாலும் மாதம் 6,500 ரூபாய் என்று வைத்துக் கணக்கிட வேண்டும் என 2014-இல் சொன்னது. 2021-இல் ஒரு லாரி ஓட்டுநர் வழக்கில், சான்று இல்லை என்பதற்காகக் குறைந்தபட்சக் கூலிப் பட்டியலை மட்டும் பார்த்து நிறுத்திவிடக் கூடாது, வாழ்க்கை நடைமுறையை வைத்து ஓரளவு ஊகிக்கவும் வேண்டும் என்றது. நல்ல வார்த்தைகள். ஆனால் ஊகம் ஆளுக்கு ஆள் மாறும். ஒரு மாவட்டத்தில் 12,000 என்று ஊகிக்கப்படுகிற அதே கொத்தனார் அடுத்த மாவட்டத்தில் 16,000 ஆகிறார். சான்று இல்லாத உழைப்பாளிக்கு இந்த ஆண்டு விபத்து என்றால் இந்தத் தொகைக்குக் கீழே போகக் கூடாது என்று ஓர் அடித்தள வருமானம் ஆண்டுதோறும் அறிவிக்கப்பட வேண்டும். விலைவாசியோடு சேர்த்து அது உயர வேண்டும். தமிழ்நாட்டில் குறைந்தபட்சக் கூலியின் அகவிலைப்படி ஆண்டுதோறும் ஏப்ரலில் திருத்தப்படுகிறது. அதைச் செய்யத் தெரிந்த அரசுக்கு இதுவும் முடியும். அடித்தளத்துக்கு மேலே நிரூபிப்பவர் நிரூபிக்கட்டும். கீழே தள்ள யாருக்கும் உரிமை இருக்கக் கூடாது. இதுதான் இன்று நான் முதன்மையாகக் கேட்க வந்தது.

வருமானமே இல்லை என்று சொல்லப்படுகிறவர்களின் கதை இன்னும் மோசம். நான் சொல்வது வீட்டுப் பெண்களை. 1994-இல் சட்டத்தோடு சேர்த்த அட்டவணையில், சம்பாதிக்காதவரின் வருமானம் ஆண்டுக்கு 15,000 ரூபாய் என்று போட்டார்கள். மனைவி இறந்தால், உயிரோடு இருக்கும் கணவனுடைய வருமானத்தில் மூன்றில் ஒரு பங்குதான் அவள் மதிப்பு. விலைவாசி எங்கேயோ போனது, அந்த 15,000 நகரவில்லை. 2009-இல் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி பிரபா ஸ்ரீதேவன், தாயை இழந்த ஒரு குழந்தைக்காக வந்த வழக்கில், இல்லத்தரசியின் உழைப்புக்குக் கூலி இல்லை என்பதால் மதிப்பும் இல்லை என்று ஆகாது என விரிவாகவே எழுதினார். மறு ஆண்டு உச்ச நீதிமன்றம் இதே திசையில் போனது. 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு வீட்டுப் பெண்களைப் பிச்சைக்காரர், கைதி ஆகியோருடன் சேர்த்து வேலை செய்யாதோர் பட்டியலில் வைத்திருந்ததை அந்தத் தீர்ப்பு கண்டித்தது. 2021 ஜனவரியில் நீதிபதி என்.வி. ரமணா எழுதிய தீர்ப்பில் ஒரு கணக்கு வருகிறது. 2019-இல் அரசே எடுத்த நேரப் பயன்பாட்டு ஆய்வின்படி, வீட்டு வேலைக்குப் பெண்கள் நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடம் செலவழிக்கிறார்கள், ஆண்கள் 97 நிமிடம். ஐந்து மணி நேர உழைப்பு. ஞாயிறு கிடையாது, பொங்கல் கிடையாது. பொங்கலன்று கூடுதல். இந்த உழைப்புக்கும் எதிர்கால உயர்வு சேர்த்துக் கணக்கிட வேண்டும் என்பது இப்போது சட்டம். உங்கள் வழக்கில் எதிர்த்தரப்பு "அவர் சும்மா வீட்டில் இருந்தவர்" என்று சொன்னால், அந்தச் சொல்லை உங்கள் வக்கீல் விடக் கூடாது.

திருமணமாகாத பிள்ளைகள் இறந்தால் பாதியைக் கழித்துவிடுகிறார்கள். அவன் தனக்கே பாதியைச் செலவழித்திருப்பான், நாளைக்குக் கல்யாணம் ஆகியிருந்தால் பெற்றோருக்குக் கொடுப்பது குறைந்திருக்கும் என்பது வாதம். நம் ஊர்களில் திருப்பூருக்கும் சென்னைக்கும் வேலைக்குப் போன பையன் தங்கச்சி கல்யாணக் கடனுக்காக அறையில் ஆறு பேரோடு படுத்துக்கொண்டு சம்பளத்தை அப்படியே அம்மாவுக்கு அனுப்புகிறான். இது தெரிந்தவர்கள் அந்த வாதத்தை ஏற்க மாட்டார்கள். சர்ளா வர்மா தீர்ப்பே இதற்கு இடம் வைத்திருக்கிறது. விதவைத் தாயும், சம்பாதிக்காத தம்பி தங்கைகளும் அவனை நம்பி இருந்தால் மூன்றில் ஒரு பங்கு மட்டும் கழிக்கலாம். கேட்டால்தான் கிடைக்கும். பலர் கேட்பதில்லை.

அடுத்து, கணக்குக்குள்ளேயே வர முடியாதவர்கள். நம் கிராமங்களில் வளைகாப்புக்கும் குலதெய்வக் கோயிலுக்கும் துக்க வீட்டுக்கும் லோடு வண்டியில் இருபது பேர் ஏறிப் போகிறோம். அது கவிழ்ந்து ஆள் இறந்தால், சரக்கு வண்டியில் பயணியாகப் போனவருக்கு இன்சூரன்ஸ் கம்பெனி பொறுப்பில்லை என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வண்டி உரிமையாளர்தான் கட்ட வேண்டும். அவரிடம் இருப்பதே அந்த ஒரு வண்டி, அதற்கும் நிதி நிறுவனத்தில் கடன். தீர்ப்பு கையில் இருக்கும், பணம் வராது. ஓட்டுநர் உரிமம் இல்லாதவர் ஓட்டிய வழக்குகளில் முதலில் கம்பெனி கொடுக்கட்டும், பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளட்டும் என்று 2004-இல் ஒரு வழி பிறந்தது. லோடு வண்டிக் குடும்பங்களுக்கு அந்தக் கதவு எல்லா வழக்கிலும் திறப்பதில்லை. முகூர்த்த நாளில் நெடுஞ்சாலையில் நின்று பாருங்கள், எத்தனை வண்டிகளில் எத்தனை பெண்களும் குழந்தைகளும் போகிறார்கள் என்று. அவர்களில் யாருக்கும் இது தெரியாது.

யாரும் மோதாமல் தானே விழுந்து இறக்கிறவர்கள் இன்னொரு கூட்டம். 2022-இல் இறந்தவர்களில் 44 விழுக்காட்டுக்கு மேல் இருசக்கர வண்டிக்காரர்கள். குறுக்கே நாய் வந்தது, மணலில் சறுக்கியது, இருட்டில் பள்ளம் தெரியவில்லை. தன் தவறால் இறந்தவரின் குடும்பம் தன் வண்டியின் இன்சூரன்ஸிடமே மூன்றாம் நபர் போலக் கேட்க முடியாது. இரவல் வாங்கிய வண்டியை ஓட்டினாலும் அதே கதைதான். ஓசி வாங்கிய பைக்கில் போய் மாட்டுவண்டியில் மோதி இறந்த ஒருவரின் வழக்கில், ஓட்டியவரும் உரிமையாளரின் இடத்தில் நிற்கிறவர்தான் என்று 2009-இல் முடிவானது. இங்கே கைகொடுப்பது உரிமையாளர்-ஓட்டுநருக்கான தனிநபர் விபத்துக் காப்பு ஒன்றே. முன்பு ஒரு லட்சமாக இருந்த அதை, சென்னை உயர் நீதிமன்றம் 2017-இல் போட்ட உத்தரவை அடுத்து, 2018-இல் 15 லட்சமாக உயர்த்தினார்கள். வண்டி யார் பெயரில் இருக்கிறதோ அவரே ஓட்டியிருக்க வேண்டும், உரிமம் இருக்க வேண்டும். மகன் ஓட்டுகிற வண்டியை அப்பா பெயரில் வாங்கும் பழக்கம் நம்மிடம் நிறைய. வீட்டுக்குப் போனதும் ஆர்.சி. புத்தகத்தையும் பாலிசியையும் எடுத்துப் பாருங்கள்.

மோதிவிட்டு நிற்காமல் போன வண்டி. எண் தெரியாது, உரிமையாளர் தெரியாது. இதற்கும் சட்டத்தில் இடம் உண்டு. முன்பு 25,000 ரூபாயாக இருந்தது, 2022 ஏப்ரல் முதல் இறப்புக்கு இரண்டு லட்சம். வருவாய்த் துறை அதிகாரியிடம் மனுக் கொடுக்க வேண்டும். இந்தப் பணத்தை எத்தனை பேர் வாங்கினார்கள்? 2022-இல் நாடு முழுவதும் 67,387 விபத்துகள் இப்படி நடந்தன. 2022–23 நிதியாண்டில் வந்த மனுக்கள் 205. தீர்ந்தவை 95. கோவை எலும்பு முறிவு மருத்துவர் எஸ். ராஜசேகரன் சாலைப் பாதுகாப்புக்காக 2012-இல் உச்ச நீதிமன்றத்தில் போட்ட பொதுநல வழக்கில்தான் இந்த எண்கள் வெளியே வந்தன. 2024 ஜனவரியில், இப்படி ஒரு திட்டம் இருப்பதைக் குடும்பத்துக்கு எழுத்து மூலம் தெரிவிப்பது காவல் நிலையத்தின் கடமை என்று நீதிமன்றம் உத்தரவிட்டது. உத்தரவு வந்தபிறகும் நம் ஊர் நிலையங்களில் அந்தக் கடிதம் போகிறதா என்று கேட்க வேண்டியது நாம்.

காவல் நிலையம் என்றதும் நினைவுக்கு வருவது காலக்கெடு. 1994 முதல் மனுப் போடக் காலக்கெடு இல்லாமல் இருந்தது. 2019 திருத்தத்தின்படி, 2022 ஏப்ரல் முதல், விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்றாகிவிட்டது. இதை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றத்துக்குப் போயிருக்கின்றன. நீங்கள் அதை நம்பிக் காத்திருக்காதீர்கள். கணவனை இழந்த பெண் முதல் ஆறு மாதத்தில் என்ன நிலையில் இருப்பாள் என்பதை அந்தத் திருத்தத்தை எழுதியவர்கள் நினைத்தே பார்க்கவில்லை என்று எனக்கு வருத்தம் உண்டு. காரியம் முடிய வேண்டும், இறப்புச் சான்றிதழ் வாங்க வேண்டும், வட்டாட்சியர் அலுவலகத்தில் வாரிசுச் சான்றிதழுக்கு அலைய வேண்டும், பிள்ளைகளின் பள்ளிக்கூடம், மாமியார் வீட்டுச் சண்டை. ஆறு மாதம் போனதே தெரியாது.

இதே 2022-இல் வந்த விதிகள் நல்ல ஏற்பாடு ஒன்றையும் செய்தன. விபத்து நடந்த நாற்பத்தெட்டு மணி நேரத்துக்குள் காவல்துறை முதல் விபத்து அறிக்கையைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். தொண்ணூறு நாளுக்குள் முழு அறிக்கை. குடும்பத்தின் உரிமைகள் என்னென்ன என்று அச்சிட்ட படிவத்தைக் கையில் கொடுக்க வேண்டும். இன்சூரன்ஸ் கம்பெனி தானாக முன்வந்து தொகை சொல்ல வேண்டும். இது ஒழுங்காக நடந்தால் வழக்கே பாதி முடிந்த மாதிரி. 2022 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் எல்லா மாநிலங்களையும் இதை நடைமுறைப்படுத்தச் சொன்னது. நீங்கள் செய்ய வேண்டியது, முதல் தகவல் அறிக்கையோடு அந்த அறிக்கைகளின் நகலையும் கேட்பது. மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, சம்பவ இட வரைபடம் எல்லாவற்றிலும் உங்களுக்கு நகல் உரிமை உண்டு.

இந்த இடத்தில் ஒரு எச்சரிக்கை. அரசு மருத்துவமனைச் சவக்கிடங்கு வாசலிலேயே ஆட்கள் நிற்கிறார்கள். உடல் வெளியே வருவதற்குள் வெள்ளைத் தாளில் கையெழுத்து வாங்கிவிடுகிறார்கள். "ஒரு பைசா செலவு வேண்டாம், வருவதில் இத்தனை பங்கு" என்பார்கள். கிடைக்கும் தொகையில் பங்கு பேசிக் கட்டணம் வாங்குவது வழக்கறிஞர் நடத்தை விதிகளுக்கே விரோதம். நான் இந்தத் தொழிலில் இருப்பவன், என் தொழில்காரர்களைப் பற்றித்தான் சொல்கிறேன். அன்று எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசமாக வக்கீல் கொடுப்பார்கள். மனுவை விபத்து நடந்த ஊரில்தான் போட வேண்டும் என்றும் இல்லை. நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே போடலாம்.

தீர்ப்பு வந்துவிட்டது. பணம்? தமிழ்நாட்டு அரசுப் பேருந்துகள் சம்பந்தப்பட்ட வழக்குகளில் இந்தக் கேள்வி நீள்கிறது. எட்டுப் போக்குவரத்துக் கழகங்களின் பேருந்துகளுக்கும் இன்சூரன்ஸ் எடுக்க வேண்டிய கட்டாயம் இல்லை, கழகமே தன் நிதியிலிருந்து கொடுத்துக்கொள்ளலாம் என்று சட்டம் விலக்கு அளிக்கிறது. நிதி இல்லாதபோது குடும்பம் நிறைவேற்று மனுப் போடுகிறது. பிறகு நீங்கள் எல்லோரும் பார்த்திருக்கக்கூடிய காட்சி. பேருந்து நிலையத்தில் புறப்படத் தயாராக நிற்கும் வண்டியின் முன்னால் நீதிமன்ற அமீனா வந்து நிற்பார். பயணிகள் பைகளோடு இறங்கி அடுத்த வண்டிக்கு ஓடுவார்கள். கண்டக்டர் டிக்கெட் கட்டோடு நிற்பார். முன்கண்ணாடியில் ஜப்தி உத்தரவை ஒட்டி, வண்டியை நீதிமன்ற வளாகத்துக்கு ஓட்டிக்கொண்டு போவார்கள். அதன்பிறகுதான் கழகம் பணம் கட்டும், அதுவும் ஒரு பகுதி. இதில் ஓட்டுநருக்கோ கண்டக்டருக்கோ பயணிக்கோ எந்தப் பொறுப்பும் இல்லை. அரசே நடத்தும் கழகம், அரசே நியமித்த நீதிமன்றத்தின் தீர்ப்புக்குப் பேருந்தைப் பிடித்துக் கட்டினால்தான் பணம் கட்டும் என்ற நிலை வெட்கத்துக்குரியது. ஒவ்வொரு பட்ஜெட்டிலும் இந்த நிலுவைக்குத் தனி ஒதுக்கீடு செய்து அதே ஆண்டில் தீர்க்க வேண்டும். தாமதிக்கும் ஒவ்வொரு மாதத்துக்கும் வட்டி ஏறுகிறது, அதுவும் மக்கள் பணம்தான்.

பணம் வந்தபின் வீட்டுக்குள் என்ன நடக்கிறது என்பதையும் பேசாமல் விடக் கூடாது. தீர்ப்பாயம் ஒவ்வொருவருக்கும் பங்கு பிரித்து எழுதும். பிள்ளைகள் பங்கு பதினெட்டு வயது வரை வங்கியில் வைப்புத் தொகையாக இருக்கும். படிக்காதவர்களும் விதவைகளும் ஏமாற்றப்படக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் வகுத்த வழி அது. மனைவியின் பங்கைக் கொழுந்தனும் மாமனாரும் கேட்டுச் சண்டை வருவது வழக்கம். "அவ சின்னப் பொண்ணு, நாளைக்கு வேற கல்யாணம் பண்ணிக்குவா" என்பார்கள். பண்ணிக்கொள்ளட்டும். அவள் உரிமை கணவன் இறந்த அன்றைக்கே பிறந்துவிட்டது. யார் யாருக்குப் பங்கு என்பதில் சட்டம் நம் உறவுமுறையை விடப் பெரிய மனதோடு இருக்கிறது. மருமகன் வீட்டிலேயே இருந்து அவரை நம்பி வாழ்ந்த மாமியாரும் இழப்பீடு கேட்கலாம் என்று 2021-இல் தீர்ப்பு வந்திருக்கிறது.

கடைசியாக ஒரு செய்தி. குஜராத்தைச் சேர்ந்த ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஒருவர், தீர்ப்பாயங்களில் கட்டப்பட்ட இழப்பீட்டுப் பணம் வாங்க ஆளில்லாமல் பெருமளவு தேங்கிக் கிடக்கிறது என்று உச்ச நீதிமன்றத்துக்குக் கடிதம் எழுதினார். நீதிமன்றம் அதைத் தானாகவே வழக்காக எடுத்துக்கொண்டு மாநிலங்களிடம் கணக்குக் கேட்டது. ஒரு சில மாநிலங்களிலேயே பல நூறு கோடி ரூபாய் கிடப்பது தெரிந்தது. 2025 ஏப்ரலில், பணம் பெறாதவர்களைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும், இனி மனுவிலேயே முகவரி, ஆதார், வங்கிக் கணக்கு விவரங்களை வாங்கிவைக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. ஏன் வாங்காமல் போனார்கள்? வழக்கு ஏழெட்டு வருடம் நடந்தது. அதற்குள் வாடகை வீடு மாறினார்கள். வக்கீல் இறந்துவிட்டார், அல்லது தொலைபேசி எண் மாறிவிட்டது. பதினெட்டு வயதான மகளுக்குத் தன் பெயரில் ஒரு வைப்புத்தொகை இருப்பதே தெரியாது. நான் சொன்ன அந்த முதல் வரிக்காகச் சண்டை போட்டு, ஆயிரம் ஆயிரமாக உயர்த்தி வாங்கிய தீர்ப்புகளும் அந்தக் கிடப்பில் இருக்கும்.

இந்த அரங்கில் கிராம நிர்வாக அலுவலர்கள் இருக்கிறீர்கள், மகளிர் குழுத் தலைவிகள் இருக்கிறீர்கள், ஆசிரியர்கள் இருக்கிறீர்கள். உங்கள் ஊரில் கடந்த பத்து ஆண்டுகளில் சாலையில் இறந்தவர்களின் வீடுகள் எவை என்பது உங்களுக்குத் தெரியும். அந்த வீடுகளுக்குப் போய் மூன்று விஷயம் கேளுங்கள். கேஸ் போட்டீர்களா, தீர்ப்பு வந்ததா, பணம் முழுதும் கைக்கு வந்ததா? வழக்கு எண் தெரிந்தால் போதும், மற்றதை நீதிமன்ற இணையதளத்திலும் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகத்திலும் பார்த்துக்கொள்ளலாம். எண்ணும் தெரியாவிட்டால் இறந்தவர் பெயரும் விபத்து நடந்த காவல் நிலையமும் எழுதிக் கொடுங்கள், அதை வைத்தும் தேடலாம்.